வடசென்னை வீடுகளில் பொழுது யார் கையில்?

ஒரு குடும்பத்தின் வசதியைக் கணிக்க வேண்டுமானால் வருமானத்தையும் வீட்டின் பரப்பையும் கேட்பது வழக்கம். வடசென்னையைப் பொறுத்தவரை அவற்றைவிடத் துல்லியமான கேள்வி ஒன்று இருக்கிறது: விடியற்காலையில் அந்த வீட்டை எழுப்புவது எது? தண்டையார்பேட்டைச் சந்து ஒன்றில் அது தண்ணீர் வரும் நேரம். காசிமேட்டில் மீன் ஏலம். திருவொற்றியூரிலும் எண்ணூரிலும் காலை ஆறு மணி ஷிப்ட். பெரம்பூரின் புதிய அடுக்குமாடிகளில் பள்ளி வேன். இந்தக் குடும்பங்கள் உழைக்கும் மொத்த நேரத்தில் பெரிய வேறுபாடு இருப்பதில்லை. தங்கள் பொழுதை எந்த அளவுக்குத் தாங்களே வகுத்துக்கொள்கிறார்கள், எந்த அளவுக்கு வேறொருவர் வகுத்த நேரத்துக்கு வீட்டையே வளைக்கிறார்கள் என்பதில்தான் ஒரு வீட்டுக்கும் இன்னொரு வீட்டுக்கும் நடுவே கோடு விழுகிறது.

பொழுதைப் பற்றிய வழக்கு இந்தப் பகுதிக்குப் புதிதன்று. 'பின்னி மில்' என்று மக்கள் அழைத்த பக்கிங்ஹாம், கர்நாடிக் ஆலைகள் பெரம்பூர், புளியந்தோப்பு, பட்டாளம் வட்டாரத்தின் அன்றாடத்தையே பல தலைமுறைகளுக்குத் தீர்மானித்தன. 1918 ஏப்ரல் 27ஆம் நாள், பி.பி.வாடியா தலைவராக, திரு.வி.க., செல்வபதி செட்டியார், ராமானுஜுலு நாயுடு ஆகியோர் துணையுடன் சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானபோது, தொழிலாளர்கள் முன்வைத்த குறைகளில் மதியச் சாப்பாட்டுக்கு விடும் இடைவேளை போதவில்லை என்பது முக்கியமான ஒன்று. இந்தியாவில் முறையாக அமைந்த முதல் தொழிற்சங்கம் என்று கருதப்படும் ஓர் அமைப்பின் தொடக்கத்தில், கூலியோடு கூடவே, சோறு தின்னும் நேரமும் பேசப்பட்டது என்பது கவனிக்கத் தக்கது. ஆண் தொழிலாளர்களுக்கு நாளொன்றுக்கு 12 மணி நேரம் என்று 1911இல் துணியாலைகளுக்கு விதிக்கப்பட்ட வரம்பு 1922இல் 11 ஆகவும், 1934இல் 10 ஆகவும், 1948ஆம் ஆண்டுச் சட்டத்தில் 9 ஆகவும், அதுவும் வாரத்துக்கு 48 மணிக்கு மிகாமலும் குறைந்து வந்தது. ஒவ்வொரு முறையும் ஏதோ ஒரு மணி நேரம் ஆலையிலிருந்து வீட்டுக்குத் திரும்பியது. சம்பளம் உயர்ந்த கதையைச் சொல்லும் அளவுக்கு இந்தக் கதையை நாம் சொல்வதில்லை. ஆனால் 2023 ஏப்ரலில், வேலை நேரத்தை 12 மணி வரை நீட்டிக்க வழிவிடும் சட்டத்திருத்தம் தமிழகச் சட்டமன்றத்தில் நிறைவேறியபோது எழுந்த எதிர்ப்பும், மே தினத்தன்று அது திரும்பப் பெறப்பட்டதாக அறிவிக்கப்பட்டதும், அந்தப் பழைய வழக்கு இன்னும் முடியவில்லை என்பதைக் காட்டின.

1996இல் பின்னி ஆலை மூடப்பட்டது. அதன் பின் அந்தத் தெருக்களில் சங்கொலி கேட்டு யாரும் உலை வைக்க வேண்டிய தேவை இல்லாமல் போனது. கூடவே, இத்தனை மணிக்கு வேலை முடியும் என்ற உறுதியும் போனது. ஆட்டோ ஓட்டுபவர், மூட்டை தூக்குபவர், கேட்டரிங் வேலைக்குப் போகிறவர், வாட்ச்மேன் ஆகியோருக்கு வேலை தொடங்கும் நேரம் ஓரளவு தெரியும், முடியும் நேரம் தெரியாது. கெடுபிடியான ஒரு கடிகாரத்தை இழந்தவர்களுக்குப் பொழுது சொந்தமாகிவிடவில்லை. இரவுச் சாப்பாட்டைக் குடும்பமாக உட்கார்ந்து சாப்பிடும் வழக்கம் இங்கே தேய்ந்ததற்குத் தொலைக்காட்சியையும் கைப்பேசியையும் குற்றம் சொல்வது எளிது. வேலை முடியும் நேரம் ஆளுக்கொன்றாக ஆனதே அதற்கு முதல் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

தண்ணீருக்கு வருவோம், ஏனெனில் மற்ற எல்லாக் கடிகாரங்களும் இதற்குப் பின்னால்தான் நிற்கின்றன. சென்னையில் பெருநகர் குடிநீர் வாரியம் 1978இல் அமைந்தது. 'மெட்ரோ வாட்டர்' என்றே எல்லோரும் சொல்லும் அந்தத் தண்ணீர், நாள் முழுவதும் குழாயில் நிற்பதில்லை. வரும் நேரத்தில் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும். பழைய வண்ணாரப்பேட்டையிலும் கொருக்குப்பேட்டையிலும் அழுத்தம் குறைந்த பழைய குழாய்களிலிருந்து தண்ணீரை மேலே இழுக்க, வாசலிலேயே ஓர் அடிபம்பு இருக்கும். நாலைந்து குடித்தனம் சேர்ந்த வீட்டில் அந்த ஒரு பம்புக்கு முறை வைத்து அடிப்பார்கள். முதலில் வருவது பல வேளைகளில் கலங்கலாகவோ வாடையோடோ இருக்கும். அதைப் பக்கெட்டில் பிடித்துக் கழிவறைக்கோ வாசல் தெளிக்கவோ ஒதுக்குவார்கள். தெளிந்த பிறகுதான் குடங்கள் வரிசைக்கு வரும். பக்கத்து வீட்டில் யாராவது குழாயில் நேராக மோட்டாரைப் போட்டு இழுத்துவிட்டால், இங்கே பம்பு காற்றைத்தான் உறிஞ்சும். "அக்கா, மோட்டார நிறுத்துக்கா, இங்க ஒரு சொட்டு வரல" என்ற குரல் எழும் தெருக்களில், சண்டையின் வேர் குணத்தில் இல்லை, குழாயின் அழுத்தத்தில் இருக்கிறது.

இந்த வேலையின் கனத்தைக் கணக்கிட்டும் பார்க்கலாம். நகரவாசி ஒருவருக்கு நாளொன்றுக்கு 135 லிட்டர் தண்ணீர் என்பது அரசுத் திட்டமிடலில் வழங்கும் அளவுகோல். ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு அது 675 லிட்டர். ஒரு பிளாஸ்டிக் குடம் ஏறக்குறைய 15 லிட்டர் கொள்ளும் என்று வைத்தால் 45 குடம். லிப்ட் இல்லாத பழைய குடிசை மாற்று வாரியக் குடியிருப்பில், மூன்றாவது மாடிவரை 45 குடத்தை யாராலும் தினமும் தூக்க முடியாது. எனவே அந்த வீடு அளவுகோலில் பாதிக்கும் குறைவாகவே தண்ணீர் செலவழிக்கிறது. குளியலும் துவைப்பும் பாத்திரம் தேய்ப்பதும் அதற்கேற்பச் சுருங்குகின்றன. பொதுக்குழாய் அருகிலேயே துவைத்து முடித்துவிடுவது, பிள்ளைகளைக் கீழே இறக்கி அங்கேயே குளிப்பாட்டிவிடுவது போன்ற பழக்கங்களைச் 'சுகாதார உணர்வு இல்லாதவர்கள்' என்று வெளியிலிருந்து பார்ப்பவர் எழுதிவிடுகிறார். படிக்கட்டை எண்ணிப் பார்த்தவர் அப்படி எழுதமாட்டார்.

தண்ணீர் பிடிக்கும் பொறுப்பு யாருடையது என்பதில் அதிகம் விவாதம் இல்லை. வீட்டுப் பெண்கள், அவர்களுக்கு அடுத்து வளர்ந்த பெண்பிள்ளைகள். ஆண்கள் பம்பு அடிப்பதில்லை என்று சொல்ல முடியாது. குடம் தூக்கும் பையன்களை எந்தத் தெருவிலும் பார்க்கலாம். ஆனால் தண்ணீர் எப்போது வரும் என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு தூக்கத்தை அரைகுறையாக்கிக்கொள்வது பெண்களின் வேலையாகவே இருக்கிறது. 2019 கோடையில் ஏரிகள் வறண்டு, லாரித் தண்ணீருக்காகத் தெருவே காத்திருந்த நாட்களில், வேலைக்கு விடுப்பு எடுத்தவர்கள் யார் என்று கேட்டால் விடை வெளிப்படை. நிலத்தடித் தொட்டியான சம்ப்பும் மோட்டாரும் மேல்நிலைத் தொட்டியும் உள்ள வீட்டில் இத்தனையும் ஒரு சுவிட்சுக்குள் அடங்கிவிடுகின்றன. வடசென்னையில் ஒரு குடும்பம் கொஞ்சம் கை நிமிர்ந்ததும் முதலில் சம்ப் தோண்டுவது ஆடம்பரத்துக்காக இல்லை.

காசிமேட்டின் பொழுது வேறு வகை. விசைப்படகில் 'தங்கல்' போகிறவர்கள் டீசல், ஐஸ், அரிசி எல்லாம் ஏற்றிக்கொண்டு பத்துப் பதினைந்து நாள் கடலிலேயே இருப்பார்கள். படகு திரும்பியதும் செலவுகளைக் கழித்து, உரிமையாளருக்கும் ஆட்களுக்கும் பங்கு பிரியும். மீன் படாத நடையில், அதாவது கடல் பயணத்தில், பங்கு என்று சொல்ல ஒன்றும் இராது. ஆகவே அந்த வீட்டில் மாதச் சம்பளம் என்ற எண்ணமே கிடையாது. நடைக்கு நடைதான் கணக்கு. பள்ளிக்கூடத்திலிருந்து கூப்பிட்டாலும், காய்ச்சல் வந்தாலும், உறவில் கலியாணம் என்றாலும் முடிவெடுப்பது கரையில் இருக்கும் பெண்தான். அந்தப் பெண்ணே வியாபாரியாகவும் இருந்தால், நள்ளிரவு தாண்டியதும் துறைமுகத்துக்குப் போக வேண்டும். ஏலக்காரர் விலையைக் கூவும் சில நொடிகளுக்குள், எந்தத் தெருவில் எந்த மீன் எவ்வளவுக்குப் போகும் என்று மனத்தில் கணக்குப் போட்டுப் பெட்டியை எடுக்க வேண்டும்; இரண்டு மூன்று பேர் கூட்டாக ஒரு பெட்டி எடுத்துப் பிரித்துக்கொள்வதும் உண்டு. பிறகு ஐஸ் தூவி, கூடையைக் கட்டி, ஷேர் ஆட்டோவில் ஏறி, வெயில் ஏறுவதற்குள் விற்று முடிக்க வேண்டும். நண்பகலுக்கு வீடு திரும்பி அவர் உறங்கும் நேரத்தில்தான் அரசு அலுவலகங்களும் வங்கிகளும் திறந்திருக்கின்றன. 'நலத்திட்டத்துக்கு விண்ணப்பிக்கவில்லை' என்ற பட்டியலில் இப்படிப்பட்டவர்கள் இடம்பெறுவதன் காரணம் பல வேளைகளில் அறியாமை இல்லை, உறக்கம்.

மீன்பிடித் தடைக்காலம் இந்தக் குடும்பங்களின் ஆண்டையே இரண்டாகப் பிரிக்கிறது. கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாட்கள், விசைப்படகுகள் கடலுக்குப் போகக் கூடாது. 2017க்கு முன் இது 45 நாட்களாக இருந்தது. மீன்வளம் பெருகத் தடை தேவை என்பதைக் கடலோரத்தில் பெரும்பாலும் மறுப்பதில்லை. சிக்கல் நாட்காட்டியில் இருக்கிறது: தடை முடியும் நேரமும் பள்ளிகள் திறக்கும் நேரமும் அருகருகே வருகின்றன. கட்டணம், சீருடை, நோட்டுப் புத்தகம், காலணி எல்லாவற்றுக்கும் பணம் வேண்டிய ஜூன் மாதம், இரண்டு மாதம் வருமானம் இல்லாமல் இருந்துவிட்ட மாதம். அரசு தரும் நிவாரணத் தொகை அன்றாடச் செலவுக்கே கரைந்துவிடும். நகை அடகுக்குப் போவதும், தண்டல் வாங்குவதும் அப்போதுதான்.

தண்டல் என்பதும் ஒரு கடிகாரமே. பத்தாயிரம் ரூபாய்த் தண்டல் என்றால் முன்கூட்டியே ஓராயிரமோ அதற்கு மேலுமோ பிடித்துக்கொண்டு மீதியைத் தருவார்கள். பிறகு நாளுக்கு 100 ரூபாய் வீதம் 100 நாள் கட்ட வேண்டும். கைக்கு வந்தது 9,000, கட்டியது 10,000, அதுவும் முதல் நாளிலிருந்தே அசல் குறைந்துகொண்டு வருவதால், உண்மையான வட்டி மேலோட்டமாகத் தெரிவதைவிடப் பன்மடங்கு. வட்டியைப் பற்றி நிறைய எழுதியாகிவிட்டது. தண்டல்காரர் மாலையில் வரும் நேரத்துக்கு வீட்டில் யாராவது பணத்தோடு இருக்க வேண்டும் என்பதைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. மகளிர் குழுக் கடனிலும் இதே கதைதான். வாரம் ஒருநாள் குறித்த நேரத்துக் கூட்டத்துக்கு எல்லோரும் வந்தாக வேண்டும், ஒருவர் கட்டத் தவறினால் மற்றவர்கள் எழுந்து போக முடியாது.

இவர்களோடு ஒப்பிட்டால், ஷிப்ட் வேலைக் குடும்பங்களுக்கு உறுதியான வருமானம் உண்டு, உறுதியான பொழுது இல்லை. திருவொற்றியூர், எண்ணூர், மணலித் தொழிற்சாலைகளில் நிரந்தரத் தொழிலாளியாக இருப்பவர் அந்தப் பகுதியின் மாப்பிள்ளைச் சந்தையில் இன்றும் மதிப்புள்ளவர். ஆனால் காலை, மாலை, இரவு என்று ஷிப்ட் மாறிக்கொண்டே இருக்கும்போது, ஓர் அறையும் சமையலறையும் உள்ள வீட்டில் இரவு ஷிப்ட் முடித்தவர் பகலில் உறங்க வேண்டும். "அப்பா நைட் ஷிப்ட், சத்தம் போடாதடா" என்பது அந்த வாரம் முழுவதும் வீட்டின் சட்டம். குக்கர் விசில் அடிக்கும் முன்பே அடுப்பை அணைப்பார்கள். பிள்ளைகள் மொட்டை மாடிக்கோ பாட்டி வீட்டுக்கோ போய்விடுவார்கள். வடசென்னையின் தெருவுக்குத் தெரு டியூஷன் நடப்பதைப் படிப்பு ஆர்வமாக மட்டும் பார்ப்பது பாதி உண்மை. மாலை ஐந்திலிருந்து எட்டு வரை பிள்ளை உட்கார ஓர் இடமும் விளக்கும் தருவது அதன் மறுபாதி. இரவுப் பாடசாலைகளுக்கும் இது பொருந்தும். ஒப்பந்தத் தொழிலாளிக்கோ ஷிப்ட் மட்டும் உண்டு, அதனோடு வரவேண்டிய பாதுகாப்பு இல்லை.

பெரம்பூர், அயனாவரம் ரயில்வே குடியிருப்புகளைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 1955இல் ரயில் பெட்டித் தொழிற்சாலை தொடங்கியதிலிருந்து குவார்ட்டர்ஸ், மருத்துவமனை, பள்ளி, ஓய்வூதியம் எல்லாம் ஒரே இடத்தில் அமைந்ததால், அங்கே வளர்ந்தவர்களுக்கு மாலையில் விளையாட நேரம் இருந்தது. வடசென்னையில் அது எளிதாகக் கிடைத்துவிடும் பொருள் இல்லை.

தங்கசாலைத் தெருவிலும் சௌகார்பேட்டையிலும் கடைக்கு மேலேயே வீடு. கூட்டுக் குடும்பங்களில் பெரியவர் வகுத்ததே நேரம். சூரியன் மறைந்த பின் உண்ணாத சமண வழக்கத்தைக் கடைப்பிடிக்கும் வீடுகளில், மாலை வியாபாரம் சூடு பிடிக்கும் முன்பே இரவு உணவு முடிந்துவிடும். முதலாளி நினைத்தால் வியாபாரத்துக்கு நடுவில் எழுந்து போய்ச் சாப்பிட்டு வரலாம். அங்கே வேலை செய்யும் வண்ணாரப்பேட்டைத் தமிழருக்கும், எம்.சி. ரோடு துணிக்கடையில் நிற்கும் பெண்ணுக்கும் அந்த வசதி இல்லை. கடைகளில் ஊழியர் உட்கார இருக்கை தர வேண்டும் என்று தமிழ்நாடு அரசு சட்டத்திருத்தம் கொண்டுவந்ததே 2021இல்தான். தீபாவளிக்கு முந்தைய வாரங்களில் இரவு பதினொரு மணிக்குக் கடை அடைத்துத் திரும்பும் அந்தப் பெண்ணுக்கு, தன் வீட்டுத் தீபாவளிக்குத் துணி எடுக்கும் நேரம் பண்டிகைக்கு முந்தைய இரவுதான்.

பழைய ஆலை நிலத்திலேயே இன்று உயர்ந்த அடுக்குமாடிகள் நிற்கின்றன. அங்கே காலை உணவும் பள்ளி வேனும் அலுவலகமும் ஒழுங்காக ஓடுகின்றன என்றால், புளியந்தோப்பிலிருந்து ஆறரை மணிக்கு ஒரு பெண் வந்து பாத்திரம் தேய்த்துச் சப்பாத்திக்கு மாவு பிசைந்து வைக்கிறார் என்று பொருள். அவர் ஒருநாள் வராவிட்டால் அந்த வீட்டின் கடிகாரம் தடுமாறும். அவர் வந்துவிட்டால், அவருடைய வீட்டில் பிள்ளைகள் கடையில் நாஷ்டா வாங்கித் தின்றுவிட்டுப் பள்ளிக்குப் போகிறார்கள். வேலைக்காரப் பெண் லீவு போட்டதைப் பற்றிப் புலம்பும் இல்லத்தரசிக்கும் தன் அலுவலகத்தில் ஒன்பது மணிக்குக் கைவிரல் பதிக்க வேண்டிய கட்டாயம் இருக்கிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். ஒரு பெண்ணின் நேரத்தை இன்னொரு பெண்ணின் நேரம் தாங்குகிறது. இரு வீட்டு ஆண்களும் இந்தக் கணக்கில் பெரும்பாலும் வருவதில்லை.

இது வடசென்னைக்கு மட்டும் உரியதன்று. தேசியப் புள்ளியியல் அலுவலகம் நடத்திய நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, கூலியில்லாத வீட்டுவேலை செய்யும் இந்தியப் பெண்கள் 2019இல் அதற்கு நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடமும், ஆண்கள் 97 நிமிடமும் செலவிட்டனர். 2024இல் அது 289க்கும் 88க்கும் குறைந்தது. பெண்களுக்குப் பத்து நிமிடம் மிச்சம், ஆண்களுக்கும் ஒன்பது நிமிடம் மிச்சம், இடைவெளி அசையவில்லை.

இந்தக் கண்ணோடு பார்த்தால் அரசுத் திட்டங்களை எடைபோடுவதும் மாறும். பசித்த பிள்ளை படிக்காது என்பதை 1920இலேயே உணர்ந்து, ஆயிரம் விளக்கு மாநகராட்சிப் பள்ளியில் மதிய உணவு தொடங்கியபோது மாநகராட்சித் தலைவராக இருந்தவர், வண்ணாரப்பேட்டையோடு பிரிக்க முடியாத பெயர் கொண்ட பிட்டி தியாகராயர். 2022 செப்டம்பரில் தொடங்கிய முதலமைச்சரின் காலை உணவுத் திட்டத்தைச் சத்துணவின் நீட்சியாகவே எல்லோரும் பேசுகிறார்கள். அடுக்குமாடிக்கு ஆறரைக்குக் கிளம்பும் தாய்க்கு அது முதலில் நேரத்தைத் தருகிறது, ஊட்டம் பிறகுதான். 2021இல் வந்த மகளிர் கட்டணமில்லாப் பேருந்து பணத்தை மிச்சப்படுத்துகிறது, நேரத்தை மிச்சப்படுத்துவதில்லை. அதே 2021 பிப்ரவரியில் விம்கோ நகர் வரை நீண்ட மெட்ரோ நேரத்தை மிச்சப்படுத்துகிறது, பணத்தை இல்லை. இரண்டும் ஒரே சாலையை ஒட்டி ஓடுகின்றன, எதில் ஏறுவது என்பதை அன்றாடக் கூலிதான் முடிவு செய்கிறது. கொருக்குப்பேட்டை ரயில்வே கேட்டில் சரக்கு ரயிலுக்காகக் காத்திருந்தவர்களுக்கும், துறைமுகம் நோக்கிய கன்டெய்னர் லாரி வரிசையில் பள்ளிப் பேருந்து சிக்கிக்கொண்ட வீட்டாருக்கும் இப்படி மிச்சமான நேரம் எல்லாம் எங்கே கரைகிறது என்று தெரியும்.

மறுகுடியமர்வைப் பற்றிய வாதத்தில்தான் நேரம் முற்றாக விடுபட்டுப் போகிறது. 1970இல் தொடங்கிய குடிசை மாற்று வாரியம், தொடக்கத்தில் பெரும்பாலும் மக்கள் இருந்த இடத்திலேயே, அல்லது அருகில், மாடிக் குடியிருப்பு கட்டியது. பின்னாளில் நகரின் பல பகுதிகளிலிருந்து தெற்கே உள்ள கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்துக்கும் குடும்பங்கள் அனுப்பப்பட்டன. வீட்டின் பரப்பு, கழிவறை, மின்சாரம் என்று ஒப்பிட்டால் புதிய வீடு மேலானதாகவே தெரியலாம். ஆனால் காசிமேட்டிலிருந்து பெரும்பாக்கம் ஏறக்குறைய 30 கிலோமீட்டர். நள்ளிரவு தாண்டி ஏலத்துக்கு வர வேண்டிய பெண்ணுக்கு அந்த வேளையில் பேருந்து கிடையாது. பாதி ஆண்டில் இடம் மாறிய பிள்ளைக்குப் பழைய பள்ளியில் தேர்வு மிச்சம் இருக்கிறது. இதற்குக் குடும்பங்கள் கண்ட வழி வீட்டையே இரண்டாக்கிக்கொள்வது: தாயும் சிறு பிள்ளைகளும் அங்கே, உழைப்பவரும் படிப்பவரும் இங்கே உறவினர் வீட்டுக் கூடத்தில் அல்லது வாடகைக்கு எடுத்த ஒற்றை அறையில், வாரக் கடைசியில் மட்டும் எல்லோரும் ஒரே கூரையின் கீழ். ஒதுக்கீட்டு வீட்டில் ஆளில்லை என்றோ, அதை வாடகைக்கு விட்டுவிட்டார்கள் என்றோ பதிவு செய்யும் அதிகாரியின் படிவத்தில், அந்தக் குடும்பம் எந்த நேரத்தில் எங்கே வேலைக்கு நிற்க வேண்டும் என்பதற்கான கட்டம் இல்லை.